மொத்தமாக எவ்வளவு கட்டவேண்டும் என்று அம்மா கேட்டார்

இலங்கை மலையகத்தில் வீட்டுக் கடன் கொடுக்கும் வங்கிக் கிளைகளின் முகாமையாளர்களுக்கு,

வணக்கம்.

ஹட்டன், தலவாக்கலை, நுவரெலியா, பண்டாரவளை என்று எந்த டவுனுக்குப் போனாலும் உங்கள் கிளை வாசலில் அந்தப் பதாகை தொங்குகிறது. ஓட்டு வீடு, முற்றத்தில் சிரிக்கும் குடும்பம், கீழே கொட்டை எழுத்தில் ஒரு வட்டி வீதம், அதன் தலையில் கடுகளவு ஒரு நட்சத்திரக் குறி. மழையும் பனியும் பட்டு அந்தக் குடும்பத்தின் முகம் வெளுத்துப் போகிறது. வட்டி வீதத்தை மட்டும் புதுத் தாள் ஒட்டி மாற்றிக்கொண்டே இருக்கிறீர்கள். அந்த நட்சத்திரக் குறிக்குப் பின்னால் இருக்கும் கணக்கைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

நான் ஒரு கணித ஆசிரியன். சாதாரண தரப் பிள்ளைகளுக்கு வருடா வருடம் கூட்டு வட்டி சொல்லிக்கொடுக்கிறவன். அப்படிப்பட்ட நானே உங்களில் ஒருவருடைய மேசைக்கு முன்னால் உட்கார்ந்து, ஒரு பெருக்கல்கூடப் போட்டுப் பார்க்காமல் கையெழுத்து வைத்தேன் என்பதை முதலிலேயே ஒத்துக்கொள்கிறேன். எந்த வங்கி, எந்தக் கிளை என்று சொல்லப் போவதில்லை. வேறு கிளையில் வைத்திருந்தாலும் கதை பெரிதாக மாறியிருக்காது.

2019 செப்டம்பர். கொட்டகலைப் பக்கம் 10 பேர்ச் காணி எங்களுக்கு இருந்தது. அப்பா தோட்டத்திலிருந்து ஓய்வு பெற்றபோது வந்த ஈ.பி.எஃப். (ஊழியர் சேமலாப நிதி) காசும் சேவைக்காலப் பணமும்தான் அந்தக் காணி. அதில் ஒரு கல் வைப்பதைக்கூடப் பார்க்காமல் போய்விட்டார். தலைமுறை தலைமுறையாக லயத்துக் காம்பராவில், தோட்டத்து வரிசை வீட்டு அறையில், இருந்த எங்கள் குடும்பத்தின் பெயரில் எழுதப்பட்ட முதல் காணி உறுதி அது. அதை ஈடு வைக்கப் போகிறேன் என்றதும், உறுதி யார் கைக்குப் போகிறது என்று பார்க்கவேண்டும் என்று அம்மாவும் கிளம்பிவிட்டார்.

மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த உத்தியோகத்தர் இளம் பையன். எங்கள் பக்கத்துத் தோட்டத்துப் பிள்ளைதான். 30 லட்சம், 20 வருடம், 13 வீத வட்டி, முதல் மூன்று வருடம் வட்டி மாறாது என்று பொறுமையாக விளக்கினார். எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்த அம்மா, "மொத்தமா எம்புட்டு தம்பி கட்டணும்?" என்றார்.

"மாசம் 35 ஆயிரத்து 147 ரூபாதான் அம்மா."

"அது சரி. மொத்தமா?"

பையன் சிரித்துக்கொண்டே என்னைக் காட்டினார். "பின்னாடி வட்டி மாறும் அம்மா, சரியாச் சொல்ல ஏலாது. சேர் கணக்கு வாத்தியார்தானே, அவருக்குத் தெரியும்."

எனக்குப் பெருமையாக இருந்தது. அந்தப் பெருமையில் வாயை மூடிக்கொண்டேன். வீட்டுக்கு வந்த பிறகாவது கணக்குப் போட்டிருக்கலாம். மூன்று வருடம் கழித்து உங்கள் கடிதம் வந்த இரவில்தான் போட்டேன்.

வட்டி ஒரு சதம்கூட ஏறாமல் 13 வீதத்திலேயே நின்றிருந்தாலும் 240 தவணைக்கு நான் கட்டவேண்டியது 84 லட்சத்து 35 ஆயிரம் ரூபா. வாங்கியது 30. வட்டி மட்டும் 54 லட்சத்து 35 ஆயிரம். முதல் மாதம் கட்டிய 35,147 ரூபாவில் 32,500 வட்டிக்குப் போனது, கடனில் குறைந்தது 2,647 ரூபா. ஐந்து வருடம், பத்து வருடம் கட்டினால் பாதிக் கடன் கழிந்துவிடும் என்றுதான் எல்லோரும் நினைக்கிறோம். இந்தக் கணக்கில் வாங்கிய கடனில் பாதி, அதாவது 15 லட்சம், கழிவதற்கு 15 வருடமும் இரண்டு மாதமும் தாண்டவேண்டும். மீதிப் பாதி கடைசி ஐந்து வருடத்துக்குள் கழிகிறது. இதில் மோசடி ஒன்றும் இல்லை, குறைந்து செல்லும் மீதிக்கு வட்டி போட்டால் கணக்கு இப்படித்தான் வரும். கரும்பலகையில் நானே இதைப் போட்டுக் காட்டியிருக்கிறேன். ஆனால் அங்கே கடன் எடுக்கிறவர் எப்போதும் கமல் என்றோ குமார் என்றோ இருப்பார், நானாக இருந்ததில்லை.

அம்மாவுக்கு லட்சக் கணக்கு பிடிபடாது. தோட்டத்தில் ஒரு நாள் வேலையைப் 'பேர்' என்போம், 'இந்த மாசம் எத்தனை பேர்?' என்றால் எத்தனை நாள் வேலை என்று அர்த்தம். 35 வருடம் கொழுந்து எடுத்தவருக்கு அதுதான் காசின் அளவு. அதனால் பிற்பாடு, 2024 இல் அறிவித்த 1,350 ரூபா அடிப்படைச் சம்பளத்தை வைத்து வட்டியைப் பேராக மாற்றிச் சொன்னேன். 4,026 பேர் வந்தது. மாதம் 17 பேர் வீதம் 20 வருடம் மலை ஏறினால் வட்டி தீரும், வாங்கிய காசைத் தனியாகக் கட்டவேண்டும். அம்மா கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், "அந்தத் தம்பிக்கு இது தெரியுமா?" என்றார்.

அந்தத் தம்பிக்குத் தெரியும். உங்களுக்கும் தெரியும். உங்கள் கணினியில் ஒரு பட்டனைத் தட்டினால் 240 வரியும் வந்து விழும்.

இனி அந்தக் கடிதத்துக்கு வருகிறேன். 2022 ஏப்ரலில் மத்திய வங்கி, மற்ற வட்டிகளுக்கு அடிப்படையான கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 வீதப் புள்ளிகள் உயர்த்தியது. மண்ணெண்ணெய்க்கும் கேஸுக்கும் வரிசையில் நின்றுகொண்டிருந்த எங்களுக்கு அது ஒரு செய்தியாகவே படவில்லை. செப்டம்பரில் என் மூன்று வருடம் முடிந்தது. இனி உங்கள் கடனுக்கு 24 வீதம் என்று கடிதம் வந்தது, ஆங்கிலத்தில். அதில் ஒரு நீளமான பெயரும் இருந்தது. தமிழில் தேடினால் 'சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன்வழங்கல் வீதம்'. பெரிய, நம்பிக்கையான வாடிக்கையாளர்களுக்கு வங்கிகள் என்ன வட்டிக்குக் கடன் கொடுக்கின்றன என்பதன் சராசரி என்று சுருக்கமாகச் சொல்லலாம். என் கடன் அதன் வாலில் கட்டப்பட்டிருந்தது. 2021 முடிவில் 9 வீதத்துக்கும் குறைவாக இருந்த அந்த வீதம் 2022 முடிவில் 27 ஐத் தாண்டியது.

மூன்று வருடத்தில் நான் கட்டியிருந்தது 12 லட்சத்து 65 ஆயிரம். கடனில் குறைந்திருந்தது ஒரு லட்சத்து 15 ஆயிரத்துச் சொச்சம். மீதி 28 லட்சத்து 84 ஆயிரத்துக்கு 24 வீதம் என்றால் ஒரு மாத வட்டி மட்டும் 57,684 ரூபா. என் பழைய தவணை வட்டியைக்கூடத் தொடவில்லை. புதுத் தவணை 58,700. வீட்டில் இரண்டு ஆசிரியர் சம்பளம், இரண்டு பிள்ளைகள், சாமான் விலை தினமும் ஒரு விலை.

கிளைக்குப் போனேன். அன்றைய முகாமையாளர் நல்லவிதமாகத்தான் நடந்துகொண்டார், அதையும் சொல்லவேண்டும். ஒரு வருடத்துக்கு மாதம் 45,000 கட்டுங்கள், பாக்கி வட்டியைக் கணக்கில் ஏற்றிவைக்கிறோம், பிறகு பார்க்கலாம் என்றார். கும்பிட்டுவிட்டு வந்தேன். மனைவியின் வளையல் அடகுக்குப் போனது, நான் சனி, ஞாயிறு வகுப்பு தொடங்கினேன். அந்த ஒரு வருடத்தில் 5 லட்சத்து 40 ஆயிரம் கட்டி, ஒரு லட்சத்து 52 ஆயிரம் புதிதாகக் கடன்பட்டேன். 2023 செப்டம்பரில் கணக்கைப் பார்த்தால், 18 லட்சம் ரூபா கட்டி முடித்த நான்கு வருடத்தின் பிறகு நான் தரவேண்டியது 30 லட்சத்து 36 ஆயிரம். வாங்கியதைவிட 36 ஆயிரம் அதிகம்.

கொரோனா காலத்தில் தவணைக்குச் சலுகை வந்தபோது, சம்பளம் வந்துகொண்டிருந்ததால் நான் எடுக்கவில்லை. எடுத்த பக்கத்து வீட்டுக்காரர், சலுகை என்றால் வட்டியும் நிற்கும் என்று நம்பியிருந்தார். தவணைதான் நின்றது, வட்டி நிற்கவில்லை. சலுகை என்ற சொல் தமிழில் அப்படி ஒரு நம்பிக்கையைத் தருகிறது, அதற்கு உங்களைக் குறைசொல்ல முடியாது. ஆனால் 'வட்டி ஓடிக்கொண்டிருக்கும்' என்று பக்கத்தில் இரண்டு சொல் போட்டிருந்தால் அவர் எடுத்திருக்க மாட்டார்.

சரி, ஏறியது இறங்கவில்லையா? இறங்கியது. 2024 முடிவில் அந்த நீளப் பெயர் வீதம் 9 ஐ ஒட்டி வந்துவிட்டது. என் கடன் மட்டும் 19 இல் நின்றது. ஏறும்போது ஒரே கடிதத்தில் ஏறியது. இறங்க நான் மூன்று கடிதம் எழுதி, இரண்டு தடவை நேரில் போய் நிற்கவேண்டியிருந்தது. நானுஓயா ஏற்றத்தில் மூச்சு வாங்கும் உடரட்ட மெனிக்கே ரயில் மாதிரித்தான் இறங்கியது. எத்தனை மாதத்துக்கு ஒரு தடவை வட்டியை மீளாய்வு செய்வீர்கள், குறையும்போது தானாகக் குறையுமா, நாங்கள் கேட்டால்தான் குறையுமா என்பது ஒப்பந்தத்தில் எங்கோ இருக்கலாம். அந்த ஒப்பந்தத்தை இன்றுவரை என்னால் தமிழில் வாசிக்க முடியவில்லை. நுவரெலியா மாவட்டத்தில் தமிழ் பேசுகிறவர்கள்தான் அதிகம் என்பதை உங்களுக்கு நான் சொல்லவேண்டியதில்லை.

சின்னச் செலவுகள் என்று நீங்கள் சொல்பவற்றையும் கொஞ்சம் பார்ப்போம். மதிப்பீட்டாளருக்கு, சட்டத்தரணிக்கு, உறுதி தேடிப் பார்த்ததற்கு எல்லாம் ஒரு தடவை கொடுத்ததோடு முடிந்தது, அதில் எனக்கு வருத்தமில்லை. மண்சரிவு அபாயம் பற்றி தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் சான்றிதழ் வாங்க அலைந்ததிலும் வருத்தமில்லை, எங்கள் மலையில் அது தேவை. என்னைக் கடித்தது ஆயுள் காப்புறுதி. 20 வருடத்துக்குமான கட்டணம் 96,000 ரூபாவை ஒரேயடியாகக் கடன் காசிலிருந்தே பிடித்துக்கொண்டீர்கள். கையிலிருந்து போகாததால் வலிக்கவில்லை. ஆனால் அந்த 96,000 க்கும் நான் வட்டி கட்டுகிறேன். 13 வீதத்திலேயே நின்றிருந்தாலும் 20 வருடத்தில் அது கிட்டத்தட்ட 2 லட்சத்து 70 ஆயிரம். கையில் கட்டலாமா, கடனில் சேர்க்கலாமா என்று ஒரு கேள்வி கேட்டிருந்தால் வளையலை அன்றைக்கே அடகு வைத்துக் கட்டியிருப்பேன். அடகு வட்டியை ஒரு வருடத்தில் முடித்திருக்கலாம்.

வீட்டுக் காப்புறுதி இன்னொரு கதை. 2025 நவம்பர் கடைசியில் டித்வா புயல் மலையைப் புரட்டிப் போட்ட பிறகு, எங்கள் வீதியில் கடன் வைத்திருக்கிற எல்லோரும் பத்திரத்தைத் தேடி எடுத்து, மண்சரிவு என்ற சொல் இருக்கிறதா என்று பார்த்தோம். வருடா வருடம் கட்டணம் கட்டியிருக்கிறோம், எதற்குக் கட்டுகிறோம் என்று அன்றைக்குத்தான் வாசித்தோம். வீடு போனாலும் கடன் போகாது. இந்த மலையில் கடன் கொடுக்கிறவர்கள் அதை முதல் நாளே சொல்லவேண்டும்.

உறுதி கையில் இருப்பவர்கள் மட்டும்தான் உங்களிடம் வருகிறோம் என்பதையும் மறக்கவில்லை. தோட்டக் காணி அரசுடையது, 1992 இலிருந்து கம்பனிகளுக்குக் குத்தகைக்குப் போனது. லயத்தில் இருப்பவரிடம் ஈடு வைக்க ஒன்றும் இல்லை. வீட்டுத் திட்டத்தில் 7 பேர்ச்சில் வீடு கிடைத்தவர்கள் முன்னால் ஒரு அறை இழுக்கவேண்டும் என்றால் நிதிக் கம்பனிக்கோ குழுக் கடனுக்கோ போகிறார்கள். அங்கே 'பிளாட்' வட்டி. 10 லட்சம், ஐந்து வருடம், 14 வீதம் என்றால் 17 லட்சம் கட்டவேண்டும், மாதம் 28,333. கடன் குறையக் குறைய வட்டி குறையாததால், உங்கள் முறையில் கணக்குப் பார்த்தால் அது 23 வீதத்துக்கும் மேல். 14 ஐயும் உங்கள் 15 ஐயும் பக்கத்தில் வைத்துப் பார்த்து, 14 மலிவு என்று போனவர்களை எனக்குத் தெரியும். என் மாணவர்களின் பெற்றோரே இருக்கிறார்கள்.

கொழும்பில் வேலை செய்யும் எங்கள் பிள்ளைகளுக்கு ஈ.பி.எஃப். மீதியைக் காட்டிக் கடன் எடுக்கிற வழி இருக்கிறது. மீதியில் 75 வீதம்வரை பிணையாக நிற்கும், உறுதியே வேண்டாம். நல்ல ஏற்பாடுதான். ஆனால் தவணை தவறினால் அந்தக் காசு வயதான காலத்திலிருந்து கழியும். 2022 ஆம் வருடத்துக்கு ஈ.பி.எஃப். கொடுத்த வட்டி 9 வீதம், அதே வருடம் கடனுக்கு எங்களிடம் வாங்கியது 24. அப்பாவின் ஈ.பி.எஃப். ஒரு காணியாகவாவது நிற்கிறது என்று அப்போது நினைத்துக்கொண்டேன்.

கடன் எடுத்தது பிழை என்று சொல்ல வரவில்லை. நான் கட்டியபோது 1,000 ரூபா அளவில் இருந்த சீமெந்து மூட்டை 2022 இல் 3,000 ஐத் தாண்டியது. காசு சேர்த்துவிட்டுக் கட்டலாம் என்று காத்திருந்த என் நண்பர் இன்னும் வாடகைக்கு இருக்கிறார். 2039 இல் நான் கட்டப் போகும் 35 ஆயிரம் இன்றைய 35 ஆயிரமாக இருக்காது என்பதும் எனக்குத் தெரியும், 84 லட்சத்தைக் கேட்டு நெஞ்சைப் பிடித்துக்கொள்ளத் தேவையில்லை. மொத்தத் தொகை தெரிந்திருந்தாலும் நான் கடன் எடுத்திருப்பேன். இந்தக் கடனை எடுத்திருக்க மாட்டேன், அவ்வளவுதான்.

15 வருடத்துக்கு எடுத்திருப்பேன். அதே 30 லட்சம், அதே 13 வீதம், 15 வருடம் என்றால் தவணை 37,957 ரூபா. மாதம் 2,810 ரூபாதான் கூட, அம்மாவின் கணக்கில் இரண்டு பேர். மொத்தம் 68 லட்சத்து 32 ஆயிரத்தோடு முடியும். 16 லட்சம் மிச்சம், ஐந்து வருடம் மிச்சம். 2019 இல் எங்களால் அந்த 2,810 ரூபாவைக் கட்ட முடிந்திருக்கும். 20 வருடம் போடுங்கள், தவணை குறையும் என்று சொன்னவர் பொய் சொல்லவில்லை. தவணை குறைந்தது.

ஆகவே நான் கேட்பது ஒரு தாள். ஒப்பந்தத்தில் கையெழுத்து வைப்பதற்கு ஒரு நாளாவது முன்னால், வீட்டுக்குக் கொண்டுபோகும்படி, தமிழில் ஒரு தாள். மேலே மொத்தமாகக் கட்டும் தொகை, தவணையைவிடப் பெரிய எழுத்தில். அதன் கீழே 15 வருடம், 20 வருடம் இரண்டும் பக்கத்தில் பக்கத்தில். முதல் வருடம் கட்டுவதில் எவ்வளவு வட்டிக்கு, எவ்வளவு கடனுக்கு. வட்டி 5 வீதப் புள்ளி ஏறினால் என் 35,147 ரூபா 46,299 ஆகும் என்ற ஒரு வரி, 24 ஆனால் என்ன ஆகும் என்ற இன்னொரு வரி. அது நடக்காது என்று இனி யாரும் சொல்ல முடியாதல்லவா? காப்புறுதி எதற்கு உண்டு, எதற்கு இல்லை. கையில் கொஞ்சம் காசு வந்து கடனின் முதல் தொகையில் கட்டினால் அபராதம் உண்டா, எவ்வளவு. போன வருடம் வகுப்புக் காசில் ஒரு லட்சம் சேர்த்துக்கொண்டு வந்தேன். அதை நேராக முதல் தொகையில் கழிக்க ஒரு விண்ணப்பம், அதற்கு ஒரு கட்டணம் என்றார்கள். கடனைச் சீக்கிரம் கட்ட வந்தவனிடம் காசு கேட்டதைக் கேட்டு ஸ்டாஃப் ரூமில் இரண்டு நாள் சிரித்தோம்.

2023 இல் மத்திய வங்கி நிதி நுகர்வோர் பாதுகாப்பு ஒழுங்குவிதிகளை வெளியிட்டிருக்கிறது. வாடிக்கையாளரிடம் எதையும் மறைக்காமல் விளங்கச் சொல்லவேண்டும் என்பதற்குத்தான் அது. தலைமை அலுவலகத்திலிருந்து படிவம் வரட்டும் என்று காத்திருக்க வேண்டாம். நான் சொல்லும் தாளுக்கு உங்கள் கிளையில் உள்ள அச்சுப்பொறியே போதும்.

ஆட்கள் பயந்து ஓடிவிடுவார்கள் என்று உங்களில் ஒருவர் என்னிடம் நேரிலேயே சொன்னார். மாத இலக்கு ஒன்று உங்கள் தலைக்கு மேல் தொங்குவது தெரியும். சிலர் ஓடத்தான் செய்வார்கள். 2022 இல் உங்கள் மேசைக்கு முன்னால் வந்து அழுதவர்களில் பாதிப் பேர் அவர்களாக இருந்திருக்கலாம்.

என் அக்கா மகள் நுவரெலியாவில் தாதியாக இருக்கிறாள். அவளும் மாப்பிள்ளையும் ஒரு காணி பார்த்துவிட்டார்கள், தை பிறந்ததும் உங்கள் கிளைகளில் ஒன்றுக்கு வருவார்கள். யாருடைய உறுதி எங்கே போகிறது என்று பார்க்காமல் அம்மாவுக்குத் தூக்கம் வராது, அவரும் கூடவே வருவார். வெற்றிலைப் பையை மடியில் வைத்துக்கொண்டு, எல்லாவற்றையும் கேட்டு முடித்த பிறகு, அதே கேள்வியைத்தான் கேட்பார்.

இப்படிக்கு,
உங்கள் கடனாளிகளில் ஒருவன்,
கொட்டகலை